ஜானும் இவானும் ஒரே பெயரா?

"ஜான், இவான், ஹுவான், ஹான்ஸ் ஆகிய நான்கும் ஒரே பெயர்தான் என்று படித்தேன். நான்கிலும் பொதுவாக இருப்பது 'ஆன்' என்ற துண்டு மட்டும்தானே, இதை எப்படி நம்புவது?" என்று வாசகர் ஒருவர் கேட்டிருந்தார். நான்கும் ஒரே பெயர்தான். அவர் கண்ணில் பட்ட அந்தத் துண்டே அதற்கு முதல் சான்று.

உலகின் பெரும்பாலான பெயர்கள் பிறந்தபோது, அவற்றைச் சூட்டியவர்களின் மொழியில் எல்லோருக்கும் புரிந்த சொற்களாகவோ முழு வாக்கியங்களாகவோ இருந்தன. பொ.ஆ.மு. 705 முதல் 681 வரை ஆண்ட அசீரிய மன்னன் செனகெரிப்பின் பெயர், 'சின் என்னும் நிலவுக் கடவுள் சகோதரர்களுக்கு ஈடு தந்தார்' என்று பொருள்படும் வாக்கியம். அவனுக்கு முன் பிறந்த குழந்தைகள் இறந்திருக்க வேண்டும் என்பதை அந்தப் பெயரே சொல்லிவிடுகிறது. கானாவின் அக்கான் மக்கள் பிறந்த கிழமையைப் பெயராக்குகிறார்கள். 1938 ஏப்ரல் 8, வெள்ளிக்கிழமை பிறந்த முன்னாள் ஐ.நா. பொதுச் செயலர் 'கோஃபி' அன்னான் ஆனது அப்படித்தான். பாலித் தீவில் முதல் குழந்தை வயான், நான்காவது கெதுத். ஐந்தாவது பிறந்தால் மீண்டும் வயான். ஆனால் பெயர் பழகப் பழகப் பொருள் உறங்கிவிடுகிறது. பழைய ஜெர்மானிய இனத்தார் இரண்டு மங்கலச் சொற்களை ஒட்டிப் பெயர் வைத்தார்கள்; ஒட்டியபின் பொருந்துகிறதா என்று கவலைப்படவில்லை. 597-இல் இறந்த பிராங்கிய அரசி பிரெடெகுண்டின் பெயரில் முதற்பாதி 'அமைதி', பிற்பாதி 'போர்'.

பொருள் உறங்கிய பெயர் எல்லை தாண்டும்போது ஒலியை மட்டுமே சுமந்து செல்கிறது. போய்ச் சேர்ந்த மொழியில் எந்த ஒலி உண்டோ அதுதான் மிஞ்சும். நம் வாசகர் கேட்ட பெயரின் மூலம் எபிரேய மொழியின் யோஹானான். 'கடவுள் அருள்கூர்ந்தார்' என்று பொருள். அதன் நடுவே தொண்டையின் ஆழத்திலிருந்து எழும் ஒரு 'ஹ' உண்டு. கிரேக்கத்தில் அந்த ஒலி இல்லாததால் அது உதிர்ந்தது. ஆண்பால் பெயர்களுக்குரிய 'ஸ்' விகுதி இறுதியில் வந்து ஒட்டிக்கொண்டது. இப்படி உருவான 'யோஆன்னேஸ்' என்ற வடிவில் அழுத்தம் விழுந்தது 'ஆன்' என்ற அசையில். ஒரு சொல்லின் மற்ற அசைகள் தேய்ந்தாலும் அழுத்தம் பெற்ற அசை எளிதில் தேயாது.

இனி வருவதுதான் என்னைப் பல நாள் மகிழ்வித்த செய்தி. 'ஹ' உதிர்ந்ததும் 'ஓ'வும் 'ஆ'வும் இடையில் மெய் எதுவும் இல்லாமல் அடுத்தடுத்து நின்றன. உதட்டைக் குவித்து 'யோ' என்று தொடங்கி, நிறுத்தாமல் மெதுவாக 'ஆ'வுக்கு நகர்ந்து பாருங்கள்: குவிந்த உதடு விரியும் அந்தக் கணத்தில், நீங்கள் விரும்பாமலேயே ஒரு மெல்லிய 'வ' பிறந்துவிடும். இதைத்தான் பள்ளியில் உடம்படுமெய் என்று படித்தோம். 'கோ'வும் 'இல்'லும் சேர்ந்து கோவில் ஆவதும், நன்னூல் 'ஏனை உயிர்வழி வவ்வும்' என்று விதி வகுப்பதும் இதே உதட்டசைவைப் பற்றித்தான். நன்னூலைக் கேள்விப்பட்டே இராத இத்தாலியர் அந்த இடத்தில் 'வ' சேர்த்து 'ஜொவான்னி' என்றார்கள். செர்பியர் 'யோவன்' என்றார்கள். நம் விவிலியத்தின் 'யோவான்' அதற்கு எவ்வளவு அருகில் நிற்கிறது என்று பாருங்கள். ரஷ்யர் 'வ'வை வைத்துக்கொண்டு அதற்கு முந்தைய 'ஓ'வைக் கைவிட்டதால் 'இவான்' கிடைத்தது. புணர்ச்சி விதிகளை வெறும் மனப்பாடப் பகுதியாக நடத்தும் ஆசிரியர்கள் இந்த ஒரு பெயரை வகுப்பில் சொன்னாலே போதும் என்பது என் எண்ணம்.

மற்றவற்றை விரைவாகவே சொல்லிவிடலாம். 'ய' ஒலிக்கும்போது நாக்கு மேலண்ணத்தை நெருங்குகிறது. இன்னும் சற்று நெருங்கித் தொட்டுவிட்டால் அது 'ஜ' ஆகிவிடும். யமுனா வங்காளத்தில் ஜமுனா ஆனது போலவே, லத்தீனின் 'யொஹான்னெஸ்' பழைய பிரெஞ்சில் 'ஜெஹான்' ஆனது. 1066-இல் இங்கிலாந்தைக் கைப்பற்றிய நார்மானியர் பேசியது பிரெஞ்சு. அதன் வழியே ஆங்கிலத்துக்கு ஜான் வந்தது. பிரான்சில் அதே 'ஜ' பின்னர் மென்மையாகி 'ழான்' ஆயிற்று. அயர்லாந்துக்காரர் வாயில் 'ஜ' நுழையாததால் 'ஷான்' என்றார்கள். ஸ்பானியரின் முதலெழுத்து 16, 17-ஆம் நூற்றாண்டுகளில் தொண்டைப் பக்கம் நகர்ந்து 'ஹுவான்' ஆனது. ஜெர்மானியர் 'யொ'வை வெட்டி எறிந்துவிட்டு, கிரேக்க 'ஸ்' விகுதியை மட்டும் பத்திரமாகக் காத்து 'ஹான்ஸ்' என்கிறார்கள். ஆங்கில ஜானின் எழுத்துக்கூட்டலில் உச்சரிக்கப்படாமல் நிற்கும் அந்த 'எச்' எழுத்து, லத்தீன் எழுத்தர்கள் வழியாகத் தங்கிவிட்ட எபிரேயத் தொண்டை ஒலியின் நினைவு.

பெயரில் ஓர் எழுத்தைக் கூட்டினாலோ குறைத்தாலோ வாழ்க்கை திரும்பிவிடும் என்று எண் கணிதம் பார்ப்பவர்களிடம் எனக்கு ஒரு கேள்வி உண்டு. இந்தப் பெயருக்கு எபிரேயத்தில் 5 எழுத்து, கிரேக்கத்தில் 7, லத்தீனில் 8, ஆங்கிலத்தில் 4. இவற்றுள் எதற்குப் பலன் சொல்வார்கள்? இந்த எண்ணிக்கையைத் தீர்மானித்தவை கோள்கள் அல்ல. நாக்கும் உதடும் எழுத்தர்களின் பழக்கமும்தான்.

எல்லாப் பெயரும் ஒலி வழியாகவே பயணம் செய்யும் என்றும் சொல்லிவிட முடியாது. தமிழ்க் கத்தோலிக்கர் சில பெயர்களை எழுப்பி உட்காரவைத்துப் பொருள் கேட்டிருக்கிறார்கள். 'சிறியவர்' என்று பொருள்படும் லத்தீன் பவுலுஸ், சின்னப்பர் ஆனார். 'மகுடம்' என்று பொருள்படும் கிரேக்க ஸ்தெஃபனோஸ், முடியப்பர் ஆனார். யோஹானானில் உறங்கிக்கிடந்த அருளை எடுத்து அருளப்பர் என்றார்கள். யோவான், அருளப்பர் இரண்டும் தமிழில் ஒரே மனிதரைக் குறிப்பவை. முன்னதில் ஒலி தங்கிவிட்டது, பொருள் தெரிவதில்லை. பின்னதில் பொருள் முழுதும் இருக்கிறது, வாசகர் கண்டுபிடித்த அந்த 'ஆன்' மட்டும் இல்லை.