வருகை எண்ணிக்கையை நம்பிக் காணியை ஈடு வைக்காதீர்கள்

இலங்கைக்கு வரும் உல்லாசப் பயணிகளின் தொகை கூடிவிட்டது என்ற செய்தியை நம்பி, பரம்பரைக் காணியின் உறுதியை வங்கியில் ஈடு வைத்து விடுதி கட்டிய இன்னொரு குடும்பத்தின் கோப்பு அண்மையில் என் மேசைக்கு வந்தது. ஆறு அறைகள், ஒவ்வோர் அறையிலும் குளிரூட்டி, முற்றத்தில் புதிதாகப் பதித்த கல். திறந்து இரண்டாம் ஆண்டிலேயே தவணை நிலுவை. திட்ட அறிக்கையின் முதற்பக்கத்தில் ஒரு பத்திரிகை நறுக்கு இணைக்கப்பட்டிருந்தது. கடைசிப் பக்கத்தில் பன்னிரண்டு மாதங்களுக்கும் ஒரே எண் இருந்தது: அறைகளில் 80 சதவீதம் நிரம்பும். ஜனவரிக்கும் 80, ஓகஸ்டுக்கும் 80, மழை கொட்டும் நவெம்பருக்கும் 80. சிறிய, நடுத்தர வணிகங்களின் கணக்குகளைப் பார்ப்பதும் கடன் மறுசீரமைப்புக்கு உதவுவதும் என் தொழில். இதே எண்ணை இதே வகை நறுக்கோடு மீண்டும் மீண்டும் பார்த்துச் சலித்துவிட்டதால்தான் இதை எழுதுகிறேன்.

வருகை கூடினால் வருமானமும் அதே அளவில் கூடும் என்ற நம்பிக்கைதான் இந்தக் கோப்புகள் எல்லாவற்றுக்கும் அடியில் கிடக்கிறது. நாட்டின் கணக்கையே எடுத்துப் பாருங்கள். 2018இல் 23 இலட்சத்து 33 ஆயிரம் பேர் வந்தார்கள். சுற்றுலா வருமானம் ஏறத்தாழ 438 கோடி அமெரிக்க டொலர். 2024இல் 20 இலட்சத்து 53 ஆயிரம் பேர் வந்தார்கள். வருமானம் ஏறத்தாழ 317 கோடி டொலர். வருகை 12 சதவீதம் குறைந்திருந்தபோது வருமானம் 28 சதவீதம் குறைந்திருந்தது. ஆளுக்கு ஏறத்தாழ 1,877 டொலராக இருந்தது 1,543 டொலருக்கு இறங்கியிருக்கிறது. இடையில் உலகெங்கும் விலைவாசி ஏறியதையும் சேர்த்துப் பார்த்தால் இறக்கம் இன்னும் பெரியது. அந்த 2024ஆம் ஆண்டைத்தான் "இருபது இலட்சத்தைத் தாண்டிய ஆண்டு" என்று கொண்டாடினோம். கொண்டாடியதில் தவறில்லை, 2021இல் இரண்டு இலட்சம் பேர்கூட வராத ஒரு நாட்டுக்கு அது உண்மையான மீட்சிதான். ஆனால் அந்தத் தலைப்புச் செய்தி உங்கள் அறையின் வாடகையைப் பற்றி எதுவும் சொல்லவில்லை.

ரூபாவில் பார்த்து ஏமாறுபவர்களும் உண்டு. 2018இல் டொலர் 160 ரூபாவை ஒட்டி இருந்தது. 2024இல் 300 ரூபாவை ஒட்டி இருந்தது. முன்பு ஐயாயிரத்துக்குக் கொடுத்த அறையை இப்போது ஒன்பதாயிரத்துக்குக் கொடுக்கிறேன் என்று சொல்பவரிடம் மின்கட்டணப் பட்டியலையும் சம்பளப் பதிவேட்டையும் கொண்டுவரச் சொல்வேன். அந்த இரண்டையும் பக்கத்தில் வைத்தால் ஏறிய வாடகை எங்கே போனது என்பது அவருக்கே தெரிந்துவிடும்.

இன்னொன்றையும் பொறுமையாக விளக்க வேண்டும். சுற்றுலா வருமானம் என்று அறிவிக்கப்படும் தொகை யாரோ கல்லாப்பெட்டிகளைத் திறந்து எண்ணிய காசு அன்று. வந்தவர்களின் எண்ணிக்கை, அவர்கள் சராசரியாகத் தங்கிய இரவுகள், ஓர் ஆள் ஒரு நாளில் சராசரியாகச் செலவிடும் தொகை ஆகிய மூன்றையும் பெருக்கி எடுக்கும் மதிப்பீடு அது. 2018இன் கணக்கு 10.8 இரவுகள், நாளொன்றுக்கு 173.8 டொலர். கடைசி இரண்டு எண்களும் பயணிகளிடம் எடுக்கும் ஆய்விலிருந்து வருபவை. ஆய்வு மாறினால் ஆண்டு வருமானமும் மாறும். நாட்டுக்கு ஒரு மதிப்பீடு தேவை, அதை இப்படித்தான் எடுக்க முடியும், உலகில் வேறு பல நாடுகளும் ஏறத்தாழ இப்படித்தான் எடுக்கின்றன. அதில் எனக்குக் குறையில்லை. ஆனால் அந்தச் சராசரிக்குள் காலி முகத்திடலுக்கு அருகே ஐந்து நட்சத்திர ஹோட்டலில் தங்குபவரும் எல்லவில் முதுகுப்பையோடு இறங்குபவரும் ஒன்றாகக் கிடக்கிறார்கள். அதை எடுத்து நிலாவெளியில் ஒரு சந்துக்குள் இருக்கும் விடுதிக்கோ நல்லூரில் மூன்றாம் குறுக்குத்தெருவில் இருக்கும் விடுதிக்கோ பொருத்துவதற்கு எந்த நியாயமும் இல்லை.

வடக்கில் இந்தப் பிழை இரட்டிப்பாகிறது. வெளிநாட்டுக் கடவுச்சீட்டோடு வந்து ஓர் இரவாவது தங்கி, ஓராண்டுக்குள் திரும்பிப் போகிறவர், இங்கே உழைக்க வராவிட்டால், சுற்றுலாப் பயணியாகவே எண்ணப்படுகிறார். ரொறன்ரோவிலிருந்தும் இலண்டனிலிருந்தும் நல்லூர்த் திருவிழாவுக்கு வருகிற உங்கள் சின்னம்மாவின் குடும்பமும் அந்த எண்ணிக்கைக்குள் இருக்கிறது. அவர்கள் உங்கள் விடுதியிலா தங்குகிறார்கள்? தங்கையின் வீட்டு அறையில் பாய் விரித்துத் தங்குகிறார்கள். செலவழிப்பது நகைக்கடையிலும் புடவைக்கடையிலும் கோயில் உபயத்திலும் ஒரு வாடகை வானிலும். ஊருக்கு அது நல்ல வருமானம், சந்தேகமில்லை. ஆனால் அறை விற்பவருக்கு அதில் ஒரு சதமும் இல்லை. பலாலி விமான நிலையத்துக்கு 2022 டிசெம்பரில் சென்னை விமானம் மீண்டும் வரத் தொடங்கியபோதும், 2023 ஒக்டோபரில் நாகபட்டினத்திலிருந்து காங்கேசன்துறைக்குக் கப்பல் வந்தபோதும் என்னைத் தேடி வந்தவர்கள் எல்லோரும் இறங்குகிற ஆட்களை எண்ணினார்கள். இறங்குபவர்களில் எத்தனை பேர் வாடகைக்கு அறை எடுக்கிறார்கள் என்று வாசலில் நின்று ஒரு மாதம் கேட்டுப் பார்த்தவர் எவருமில்லை. அந்தக் கப்பல் தொடங்கிய சில நாட்களிலேயே நின்று, 2024 ஓகஸ்டில்தான் மீண்டும் வந்தது என்பதையும் நினைவில் வையுங்கள்.

பருவத்தைப் பற்றி ஊரில் பிறந்தவர்களுக்கு நான் சொல்லத் தேவையில்லை. ஆனாலும் திட்ட அறிக்கை எழுதும்போது எல்லோரும் மறந்துவிடுகிறார்கள். நாட்டின் வருகை உச்சம் தொடுவது டிசெம்பர் முதல் மார்ச் வரை. அந்தக் காலத்தில் பெந்தோட்டை, ஹிக்கடுவ, மிரிஸ்ஸ கடற்கரைகள் நிரம்பும். அதன் முற்பாதியில் பாசிக்குடாவிலும் அறுகம்பேயிலும் நிலாவெளியிலும் வடகீழ்ப் பருவமழை. கிழக்கின் பருவம் ஏறத்தாழ ஏப்ரல் பிற்பகுதியிலிருந்து செப்டெம்பர் வரைதான். தலைப்புச் செய்தியில் வரும் டிசெம்பர்ச் சாதனையால் கிழக்கில் ஒரு போர்வைகூட விரிபடாது.

இப்போது ஒரு விடுதியின் கணக்கைக் கிட்ட இருந்து பார்ப்போம். எண்கள் விளக்கத்துக்காக நான் எடுத்துக்கொண்டவை; உங்களுடையதை நீங்களே இட்டுப் பாருங்கள். ஆறு அறைகள் என்றால் ஆண்டுக்கு 2,190 அறை இரவுகள். வாடகை 9,000 ரூபா. இணையப் பதிவுத் தளத்துக்கு 15 சதவீதத் தரகு போனால் 7,650 மிஞ்சும். காலை உணவு, சலவை, மின்சாரம், தண்ணீர், சவர்க்காரம் எல்லாம் சேர்த்து ஓர் இரவுக்கு 2,500 என்றால் கையில் நிற்பது 5,150. இரண்டு கோடி ரூபா கடனை 13 சதவீத வட்டியில் பத்து ஆண்டுகளுக்கு எடுத்தால் மாதத் தவணை ஏறத்தாழ 298,600 ரூபா, ஆண்டுக்கு ஏறத்தாழ 36 இலட்சம். சம்பளம், பராமரிப்பு, காப்புறுதி, வரி என்று ஆள் வந்தாலும் வராவிட்டாலும் போகும் செலவு மாதம் ஒன்றரை இலட்சம் என்று குறைத்தே வைத்தாலும் ஆண்டுக்கு 18 இலட்சம். ஆக, இலாபமும் நட்டமும் இல்லாத நிலைக்கே ஏறத்தாழ 1,045 அறை இரவுகள் விற்க வேண்டும். அதாவது மழைக்காலத்திலும் சேர்த்து, ஆண்டின் ஒவ்வோர் இரவும், ஆறில் மூன்று அறைகள் சராசரியாக நிரம்ப வேண்டும். 80 சதவீதம் நிரம்பினால் ஆண்டுக்கு 36 இலட்சம் மிஞ்சும் என்று அறிக்கை காட்டும். 30 சதவீதம் நிரம்பினால் கைக்கு வரும் மொத்தம் 34 இலட்சத்துக்கும் குறைவு. வங்கித் தவணைக்கே போதாது. பருவம் ஐந்து மாதங்கள் மட்டுமே உள்ள ஓர் ஊரில், அந்த ஐந்து மாதமும் மூன்றில் இரண்டு பங்கு அறைகள் நிரம்பி, மற்ற மாதங்கள் வெறிச்சோடினால், ஆண்டுச் சராசரி 28 சதவீதத்தைத் தாண்டாது. இதைக் கணிக்க ஒரு கணக்காளர் தேவையில்லை, ஒரு பென்சில் போதும்.

அதற்குமேல், பக்கத்துக் காணியில் இன்னொருவரும் அதே செய்தியை வாசித்துவிட்டுக் கட்டிக்கொண்டிருக்கிறார். பயணிகள் பத்து சதவீதம் கூடும்போது அறைகள் முப்பது சதவீதம் கூடினால் ஒவ்வோர் அறைக்கும் கிடைக்கும் இரவுகள் குறையும்; வாடகையும் குறையும். பதிவு செய்யாத வீட்டு அறைகள் எத்தனை என்பது எவருடைய பட்டியலிலும் முழுமையாக இல்லை.

இந்தத் தொழில் எவ்வளவு விரைவாகச் சரியும் என்பதை நம் காலத்திலேயே பார்த்துவிட்டோம். 2019 ஏப்ரல் 21இன் குண்டுவெடிப்புகள், 2020 மார்ச்சில் மூடப்பட்ட விமான நிலையங்கள், 2022இன் எரிபொருள் வரிசைகள். நான்கு ஆண்டுகளுக்குள் மூன்று அடிகள். 2020இல் வந்தவர்கள் ஐந்து இலட்சத்தை ஒட்டித்தான், அதிலும் பெரும்பாலானோர் முதல் மூன்று மாதங்களில் வந்தவர்கள். அதே காலத்தில் வட்டியும் ஏறியது: 2022 ஜனவரியில் 6.5 சதவீதமாக இருந்த மத்திய வங்கியின் துணைநில் கடன் வீதம் (வங்கிகளுக்கு அது கடன் கொடுக்கும் வட்டி) 2023 மார்ச்சில் 16.5 சதவீதம். மாறும் வட்டியில் கடன் எடுத்தவர்களின் தவணை எப்படிப் பெருத்தது என்பதை அந்தக் கோப்புகளில் பார்த்தவன் நான். தவணையைத் தள்ளிப்போடும் கடன் சலுகைக் காலம் கிடைத்தது உண்மை. ஆனால் சலுகைக் காலத்திலும் வட்டி ஏறிக்கொண்டேதான் இருந்தது. அதைத் தள்ளுபடி என்று நினைத்தவர்கள்தான் இப்போது அதிகம் தவிக்கிறார்கள்.

ஆகவே, கட்டுவதற்கு முன் சிலவற்றைத் தயவுசெய்து செய்யுங்கள். உங்கள் தெருவில் ஏற்கனவே இயங்கும் விடுதிக்காரர் இருவரிடம் போய், அவர்களின் தங்குவோர் பதிவேட்டை மாதவாரியாகப் பார்க்கக் கேளுங்கள்; நாட்டின் புள்ளிவிவரம் அதற்கு ஈடாகாது. ஆண்டு நிரம்பல் 30 சதவீதம் என்று வைத்துக் கணக்குப் போடுங்கள். அதில் தவணை கட்ட முடியாவிட்டால் கடனைக் குறையுங்கள், அல்லது இரண்டு அறையோடு தொடங்குங்கள். ஓராண்டுத் தவணையைக் கையிருப்பாக வைக்காமல் முதல் கல்லை நடாதீர்கள். குடியிருக்கும் வீட்டை ஒருபோதும் ஈடாகக் கொடுக்காதீர்கள். மாறும் வட்டியா நிலையான வட்டியா என்பதைக் கையெழுத்துக்கு முன் எழுத்தில் கேட்டு வாங்குங்கள். சுற்றுலா அபிவிருத்தி அதிகார சபையின் பதிவும் பிரதேச சபையின் அனுமதியும் கட்டிய பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்று இருக்காதீர்கள். கழிவுநீர்க் குழிக்கு இடம் விடாமல் கட்டி, பதிவு கிடைக்காமல் நிற்கும் கட்டடங்கள் உண்டு. வெளிநாட்டிலிருந்து அண்ணனோ மைத்துனரோ பணம் அனுப்பினால், அது கடனா பங்கா என்று அன்றே ஒரு தாளில் எழுதிக்கொள்ளுங்கள். இதைக் கேட்பது முகத்தை முறிப்பதாகத் தோன்றும். கேட்காமல் விட்ட குடும்பங்கள் பிறகு நீதிமன்றத்தில் முகம் பார்க்கின்றன.

திட்ட அறிக்கை எழுதிக் கொடுக்கும் என் தொழில்காரர்களுக்கும் ஒரு சொல். வாடிக்கையாளர் கேட்டார் என்பதற்காகவும் வங்கி எதிர்பார்க்கிறது என்பதற்காகவும் 80 என்று எழுதாதீர்கள். அந்தத் தாளை உண்மை என்று நம்பி உறுதியைக் கொடுப்பவர் உங்களுக்கு எதிரே உட்கார்ந்திருக்கிறார்.

ஏற்கனவே கட்டி, தவணை தவறத் தொடங்கியவர்கள் காத்திருக்க வேண்டாம். 1990ஆம் ஆண்டின் 4ஆம் இலக்கச் சட்டத்தின்கீழ், பராட்டே என்று நாம் சொல்லும் அதிகாரத்தால், ஈடு வைத்த சொத்தை வங்கி நீதிமன்றத்துக்குப் போகாமலே ஏலத்துக்கு விட முடியும். அந்தக் கட்டத்துக்கு முன் உங்களுக்குப் பேச இடமிருக்கிறது. சிக்கலில் இருக்கும் தொழில்களை மீட்க வங்கிகள் தனிப் பிரிவு அமைக்க வேண்டுமென மத்திய வங்கி 2024இல் பணித்திருக்கிறது. உங்கள் கிளையில் அந்தப் பிரிவை எழுத்தில் கேளுங்கள். போகும்போது கடந்த இரண்டு ஆண்டுகளின் தங்குவோர் பதிவேடு, பதிவுத் தளங்கள் அனுப்பிய கொடுப்பனவு விவரம், மின்கட்டணப் பட்டியல்கள், சம்பளப் பதிவு, கடன் ஒப்பந்தத்தின் பிரதி ஆகியவற்றைக் கையில் கொண்டு போங்கள். உண்மையான நிரம்பலை, அது 20 சதவீதமாக இருந்தாலும், அப்படியே காட்டுங்கள். பருவ மாதங்களில் கூடிய தவணையும் மழை மாதங்களில் வட்டி மட்டும் என்றும் ஓர் ஏற்பாட்டை நீங்களே எழுதிக் கேளுங்கள். வாயால் கேட்டுவிட்டு வீடு திரும்பாதீர்கள். கொடுத்த கடிதத்தின் பிரதியில் திகதியோடு முத்திரை வாங்கிக்கொண்டு வாருங்கள்.