ஃபர்ம்வேர்: நிலைப்பொருள்

தருமபுரி பேருந்து நிலையத்தைச் சுற்றியுள்ள செல்போன் சர்வீஸ் கடைகளில் இந்தச் சொல் அதிகம் காதில் விழாது. 'சாஃப்ட்வேர் போடணும்ணா', 'ஃப்ளாஷ் பண்ணாத்தான் சரியாகும்' என்பார்கள். அவர்கள் போடுவது ஃபர்ம்வேர்தான்: கருவியின் சிப்பிலேயே குடியிருந்து, கரண்ட் வந்ததும் அதை இயக்கத் தொடங்கும் நிரல்.

ஃபர்ம் என்றால் இங்கே கம்பெனி அல்ல, உறுதி. வேர் என்றால் சரக்கு. 1967-இல் ஆஷர் ஓப்லர் என்பவர் டேட்டாமேஷன் இதழில் இச்சொல்லைப் புழக்கத்துக்கு விட்டார். அவர் குறித்தது கணினியின் ஆணைத்தொகுதியையே மாற்றவல்ல நுண்நிரலை. வன்பொருளுக்கும் மென்பொருளுக்கும் இடைப்பட்டது என்பதால் அந்தப் பெயர். இன்று ரவுட்டர், டிவி, வாஷிங் மெஷின் என எதற்குள் இருந்தாலும் ஃபர்ம்வேர்தான்.

தமிழில் நிலைப்பொருள். நிலைபொருள் என்றும் எழுதுகிறார்கள். வினைத்தொகை என்று கொண்டால் அதுவும் செல்லும். நான் நிலைக்கண்ணாடி, நிலைக்கதவு வரிசையில் வைத்து ஒற்றோடு எழுதுகிறேன். ஃப்ளாஷ் என்பது 1980-களில் டோஷிபாவில் ஃபுஜியோ மசுவோக்கா உருவாக்கிய நினைவகம். ஒரே வீச்சில் அழிவது கேமரா ஃப்ளாஷை நினைவூட்டியதால் வந்த பெயர். அதை ஃப்ளாஷ் என்றே விட்டுவிடலாம்.

'நிலை' எத்தனை பொருத்தம் என்பது ஓப்பன்டபிள்யூஆர்டி போட்ட ரவுட்டரில் தெரியும். கம்பெனி தந்ததற்குப் பதிலாக நாமே போட்டுக்கொள்ளும், லினக்ஸில் அமைந்த இலவச நிலைப்பொருள் அது. டிபி-லிங்க் டபிள்யூஆர்841என்-இன் பழைய பதிப்புகள் பலவற்றில் ஃப்ளாஷ் 4 எம்பி, அதாவது 4096 கேபி. கருவியைத் தொடங்கிவைக்கும் பூட்லோடருக்கு 128, வைஃபை அளவீட்டுத் தரவுக்கு 64 போனால் மிச்சம் 3904 கேபி. லினக்ஸின் மையக்கருவான கர்னலும், ஸ்குவாஷ்எஃப்எஸ் என்னும் முறையில் சுருக்கிய கோப்புகளும் அதற்குள் அடங்க வேண்டும். அதுபோக மிஞ்சினால்தான் உங்கள் வைஃபை பெயரையும் பாஸ்வேர்டையும் எழுதிவைக்க இடம். அந்த மிச்சம்தான் ஓவர்லே, மேலடுக்கு எனலாம்.

ஸ்குவாஷ்எஃப்எஸ் பகுதியைப் படிக்கலாம், திருத்த முடியாது. இடம் போதவில்லையென்று கூடவே வந்த ஒரு தொகுப்பை (பேக்கேஜ்) நீக்கினால், 'நீக்கியாயிற்று' என்ற குறிப்பு மேலடுக்கில் விழும். அடியில் கோப்பு அப்படியே கிடக்கும். நம் பக்கத்து நடுகல்மேல் துணி சுற்றினால் எழுத்து மறையும், கல்லின் எடை குறையுமா? இடம் கூடுவதற்குப் பதில் ஒரு பொட்டு குறையவே செய்யும். தொகுப்பை அப்டேட் செய்தாலோ இன்னும் மோசம்: பழையது கீழே, புதியது மேலே, இரண்டு பிரதி.

இதற்கு வழி இமேஜ் பில்டர்: ரவுட்டரில் ஏற்றும் முழுக் கோப்பான இமேஜை நம் கணினியிலேயே கட்டித்தரும் ஓப்பன்டபிள்யூஆர்டி கருவி. இமேஜைக் கட்டும்போதே வேண்டாத தொகுப்பின் பெயருக்கு முன் கழித்தல் குறி போட்டுவிடலாம். ஃபைபர் பெட்டியே டயல் செய்துவிடும் வீட்டில், உள்ளறை வைஃபைக்கு வைத்த இரண்டாவது ரவுட்டருக்கு, பயனர் பெயரும் பாஸ்வேர்டும் கொடுத்து இணையத்தில் நுழையவைக்கும் பிபிபிஓஇ எதற்கு? லூசி என்ற அமைப்புப் பக்கத்தையும் எடுத்தால் நிறையவே மிஞ்சும்; ஆனால் பிரவுசரில் திறக்கும் பக்கம் போய்விடும், கட்டளை தட்டத் தெரிந்தவர்களுக்குத்தான் அது. வேண்டிய தொகுப்புகளையும் இமேஜுக்குள்ளேயே சேர்ப்பது நல்லது, அங்கே சுருக்கம் அதிகம்.

4 எம்பி ஃப்ளாஷ், 32 எம்பி ரேம் கொண்டவற்றுக்கு ஓப்பன்டபிள்யூஆர்டியின் ஆதரவு 19.07 வரிசையோடு முடிந்துவிட்டது. ஓசூரிலோ கிருஷ்ணகிரியிலோ செகண்ட் ஹேண்டில் வாங்குகிறவர்கள் 16 எம்பி ஃப்ளாஷ், 128 எம்பி ரேம் உள்ளதாகத் தேடலாம். மாடல் பெயரை மட்டும் நம்ப வேண்டாம். பெட்டியைக் கவிழ்த்து ஸ்டிக்கரில் பதிப்பு எண்ணைப் பாருங்கள். இதே 841என்-இல் 13-ஆம் பதிப்புக்கு 8 எம்பி ஃப்ளாஷ், அடுத்து வந்த 14-க்கு மறுபடியும் 4.