கலோத்சவ அப்பீல்: வக்கீலைத் தேடி வருவதற்கு முன்

நவம்பர் பிறந்துவிட்டால் பாலக்காட்டில் என் அலுவலகத்துக்குத் தனி ரகக் கட்சிக்காரர்கள் வரத் தொடங்குவார்கள். நிலத்தகராறு கிடையாது, செக் கேஸ் கிடையாது. மகளுக்குப் பரதநாட்டியத்தில் இரண்டாம் இடம், மகனுக்குத் தமிழ்ப் பத்யம் சொல்லலில் (செய்யுள் ஒப்புவித்தலில்) 'பி' கிரேடு. எல்லாம் பள்ளிக் கலைவிழாவான கலோத்சவத்தின் போட்டி முடிவுகள். "நடுவர் ஏமாத்திட்டாரு சார். எப்படியாவது கோர்ட்ல ஒரு ஆர்டர் வாங்கிக் குடுங்க."

கேரளப் பள்ளிக் கலோத்சவம் 1957-ல் எர்ணாகுளத்தில் தொடங்கியது. பள்ளி, உபஜில்லா (மாவட்டத்துக்குள் இருக்கும் கல்விப் பிரிவு), மாவட்டம் என்று ஏறி, மாவட்டத்தில் முதலிடம் பிடித்தவர்தான் மாநில மேடைக்குப் போகலாம். அங்கே கிரேடு வாங்கினால் பொதுத்தேர்வில் கிரேஸ் மார்க், அதாவது சலுகையாகக் கூடுதல் மதிப்பெண், உண்டு. வழக்குகளுக்கு வேர் இதுதான் என்பது என் எண்ணம். நடன மாஸ்டருக்கும் பாட்டுப் பதிவுக்கும் உடை நகைக்கும் செலவழித்துவிட்டு இரண்டாம் இடத்தோடு வீடு திரும்ப எந்தக் குடும்பத்துக்கும் மனசு வராது.

சரி, நீதிமன்றம் என்ன செய்யும்? ஆட்டத்துக்கு மறுபடி மார்க் போடாது. போன வருஷம் மாநிலத்தில் 'ஏ' கிரேடு வாங்கிய குழந்தை என்ற வாதமும் எடுபடாது. அன்றைக்கு, அந்த மேடையில் எப்படி ஆடினார் என்பது மட்டுமே கணக்கு. அதை எடைபோட வேண்டியவர்கள் நடுவர்கள். கலோத்சவ விதிமுறையை மீறினார்களா, நடுவருக்குப் போட்டியாளரோடு தொடர்பு இருந்ததா, முடிவுமீதான முறையீட்டை விசாரிக்கும் கலோத்சவ அப்பீல் குழு காரணமே சொல்லாமல் மனுவைத் தள்ளியதா என்பது போன்ற கேள்விகளுக்குத்தான் ரிட் மனுவில், அதாவது அரசு நடவடிக்கையை எதிர்த்து உயர் நீதிமன்றத்தில் போடும் மனுவில், இடம். இவை எதுவும் இல்லாவிட்டால் மனு பெரும்பாலும் நிற்காது.

ஒரு தந்தை மதிப்பெண் தாளின் நகலோடு வந்தார். மூன்று நடுவர்கள், தாளம், பாவம் (முகபாவனை), ஒப்பனை என்று தனித்தனிக் கட்டங்கள். முதலிடத்துக்கும் அவர் மகளுக்கும் வித்தியாசம் மிகச் சொற்பம். ஒரே ஒரு நடுவர் மட்டும் பாவத்தில் நன்றாகக் குறைத்திருந்தார். தந்தைக்கு அது சதி. எனக்குத் தெரிந்தது ஒருவருடைய ரசனை. தாளைத் திருத்தியிருந்தாலோ கூட்டல் தப்பாக இருந்தாலோ பேச இடமுண்டு. அந்தத் தாளில் அப்படி எதுவும் இல்லை. வழக்கு வேண்டாம் என்று அனுப்பிவிட்டேன். வேறு வக்கீலிடம் போயிருப்பார், அது வேறு விஷயம்.

பாட்டு நடுவில் நின்றுபோனது, மைக் செத்தது, மேடைப் பலகையில் துருத்திய ஆணி காலைக் குத்தியது என்றால் கதையே வேறு. அங்கே நேரம்தான் முக்கியம். ஆட்டம் முடிந்த கையோடு மேடைப் பொறுப்பாளரிடம் எழுத்தில் புகார் கொடுத்து, வாங்கிக்கொண்டதற்குக் கையெழுத்துப் பெறுங்கள். முடிவு அறிவித்த ஒரு மணி நேரத்துக்குள் கட்டணத்தோடு அந்த அப்பீல் குழுவிடம் அப்பீல் போட்டாக வேண்டும். அப்புறம் உங்கள் செல்போன் வீடியோவை வெட்டாமல், பாட்டுச் சேர்க்காமல் அப்படியே வையுங்கள். பத்து நாள் கழித்து வந்து "மேடை வழுக்கியது சார்" என்றால் எந்த நீதிபதியும் நம்பத் தயங்குவார்.

இடைக்கால உத்தரவு கிடைத்தாலும் அது மாநிலத்தில் ஆடும் வாய்ப்புத்தான். மாவட்ட முதலிடத்தை அது யாரிடமிருந்தும் பறிப்பதில்லை.

2022 டிசம்பரில் இப்படிப்பட்ட மனுக்களைத் தள்ளுபடி செய்த கேரள உயர் நீதிமன்றம், தோல்வியை ஏற்கப் பிள்ளைகளைத் தயார்செய்யுங்கள் என்று பெற்றோரிடம் சொன்னது. ஏழைக் குழந்தைகளால் ஈடுகொடுக்க முடியாத ஆடம்பரத்தையும் கண்டித்தது. கூடவே, மேடையில் விபத்து நேர்ந்தால் அமைப்பாளர்கள் சிறார் நீதிச் சட்டத்தின்கீழ் பதில் சொல்ல வேண்டியிருக்கும் என்றும் எச்சரித்தது. பத்திரிகைகளில் முதல் பாதிதான் பெரிதாக வந்தது. எனக்கென்னவோ இரண்டாம் பாதிதான் பெற்றோருக்கு அதிகம் பயன்படும் என்று படுகிறது.

கடைசியாக, அப்பீல் 'வாங்கித் தருகிற' ஆட்கள். 2018 திருச்சூர் கலோத்சவத்தில் குழந்தையை மேடையேற்றச் சொல்லி குழந்தைகள் உரிமை ஆணையத்தின் பெயரில் தயாரித்த போலி உத்தரவுகள் பிடிபட்டு, விவகாரம் போலீஸ் விசாரணை, கைது வரை போனது. அப்படி யாராவது உங்களை அணுகினால் பணம் கொடுக்காதீர்கள். உத்தரவு கையில் வந்துவிட்டால், அதை மேடைக்கு எடுத்துப் போவதற்கு முன் வழங்கியதாகச் சொல்லப்படும் அலுவலகத்திலேயே எண்ணைக் கொடுத்துச் சரிபாருங்கள்.