கூப்பிடத் தயங்கிய கப்பல்கள்

கடல் பாதுகாப்பு வகுப்பில், ரேடியோ பயிற்சிக் கருவி முன்னால் ஒரு பையனை உட்காரவைத்து நிலைமையைச் சொல்வேன். "மூணாவது சரக்கு ஹோல்டில் தண்ணீர். பம்ப் ஓடுது, மட்டம் குறையல. கப்பல் ஆறு டிகிரி சாஞ்சிருக்கு. என்னப்பா செய்வ?"

அபாய அழைப்புப் பொத்தான் சிவப்பாக இருக்கும். தெரியாமல் கை பட்டுவிடக் கூடாதென்று அதன் மேல் ஒரு சின்ன மூடி. மூடியைத் தூக்கிவிட்டுச் சில விநாடி அழுத்திப் பிடிக்க வேண்டும். அநேகமாக எல்லாரும் மூடியைத் தூக்கிவிடுவார்கள். விரலும் பொத்தான் மேல் போய்விடும். அங்கே நின்றுவிட்டு என் முகத்தைப் பார்ப்பார்கள். "கேப்டன்கிட்ட கேக்கணும்ல சார்?"

கேட்கத்தான் வேண்டும். பயம் என்னவென்றால், கேப்டனும் அதே மாதிரி யாரோ ஒருவருடைய முகத்தைப் பார்த்துக்கொண்டு நின்றுவிடலாம். இரண்டு உலகப் போர்களுக்கு நடுவில் மூழ்கிய கப்பல்களைப் பற்றி நான் வகுப்பில் விடாமல் பேசுவதற்கு இதுதான் காரணம். டைட்டானிக் கதை எல்லாருக்கும் தெரியும். வெஸ்ட்ரிஸ் என்று சொன்னால் கப்பல்காரர்களிலேயே பலர் புருவத்தை உயர்த்துகிறார்கள்.

1928 நவம்பர் 10ஆம் தேதி நியூயார்க் துறைமுகத்தின் ஹோபோக்கன் பக்கத்திலிருந்து தென் அமெரிக்காவுக்குக் கிளம்பியது வெஸ்ட்ரிஸ். லாம்போர்ட் ஹோல்ட் நிறுவனத்தின் பிரிட்டிஷ் கப்பல், பத்தாயிரம் டன்னுக்குச் சற்று மேல். பயணிகளும் ஊழியர்களுமாக ஏறத்தாழ 325 பேர். கிளம்பும்போதே சுமை அதிகம் என்பது பிறகு விசாரணையில் வந்தது. மறுநாள் புயல் பிடித்துக்கொண்டது. கப்பல் வலப்புறம், அதாவது ஸ்டார்போர்டு பக்கம், சாயத் தொடங்கியது. பக்கவாட்டுத் திறப்புகள் வழியாகத் தண்ணீர் ஏறியது, சரக்கும் நிலக்கரியும் சாய்ந்த பக்கமே சரிந்தன. ஞாயிறு பகல் போய், இரவும் போனது. பம்புகள் ஓடிக்கொண்டே இருந்தன. திங்கள் காலை சாய்வு 30 டிகிரியைத் தாண்டிவிட்டது.

30 டிகிரி என்றால் என்ன என்று கரையில் இருப்பவர்களுக்குச் சொல்ல வேண்டும். உங்கள் வீட்டு ஹாலை அந்த அளவுக்குச் சாய்த்துப் பாருங்கள். நிற்க முடியாது. ஒரு கை சுவரிலும் ஒரு கால் சுவரும் தரையும் சேரும் மூலையிலுமாக ஊர்ந்துதான் போக வேண்டும். கப்பலில் அந்தத் தரையில் எண்ணெயும் உப்புத் தண்ணீரும் வேறு இருக்கும்.

இப்படிக் கிடந்த கப்பலிலிருந்து எஸ்.ஓ.எஸ். என்ற அபாய அழைப்பு போனது திங்கள் காலை பத்து மணிக்குச் சற்று முன்புதான். வர்ஜீனியா கரையிலிருந்து சுமார் 200 மைல் தொலைவில், பிற்பகல் இரண்டு மணி வாக்கில் கப்பல் மூழ்கியது. உதவிக்கு வந்த கப்பல்கள் அன்று இரவிலும் மறுநாள் அதிகாலையிலும்தான் வந்து சேர்ந்தன. இந்த இடைவெளியைப் பாருங்கள். முந்தின நாள் மாலையே ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் அந்தக் கப்பல்கள் பகல் வெளிச்சத்தில் பக்கத்தில் நின்றிருக்கும்.

படகு இறக்கிய விதம் இதைவிடக் கொடுமை. கப்பல் வலப்புறம் சாய்ந்ததால் இடப்புறம் உயர்ந்து நின்றது. பெண்களையும் குழந்தைகளையும் முதலில் ஏற்றியது உயர்ந்து நின்ற அந்தப் பக்கத்துப் படகுகளில். படகு நேராகத் தொங்காது. கப்பலின் இரும்பு வயிற்றில் உரசிக்கொண்டு, ரிவெட் தலைகளில் இடித்து இடித்து இறங்கும். சில படகுகள் உடைந்தன, சில கப்பலோடு சேர்ந்தே போயின. 110 பேருக்கு மேல் இறந்தார்கள். கப்பலில் இருந்த 13 குழந்தைகளில் ஒன்றுகூடப் பிழைக்கவில்லை. பெண்களிலும் பெரும்பாலோர் போய்விட்டார்கள். கேப்டன் கேரி கப்பலோடு மூழ்கினார். இந்த இடத்தைச் சொல்லும்போது எனக்கு இன்றும் குரல் மாறிவிடும்.

அன்றைய பத்திரிகைகள் பல, கப்பலில் வேலை செய்த கறுப்பினத் தொழிலாளர்கள் மேல் பழியைப் போட்டன. அதே கப்பலில் சுக்கான் பிடிக்கும் குவார்ட்டர் மாஸ்டராக இருந்த பார்படோஸ்காரர் லயனல் லிகோரிஷ், மிதந்த ஒரு படகைப் பிடித்து, தண்ணீரில் தத்தளித்த சுமார் இருபது பேரை இழுத்துப் போட்டுக் காப்பாற்றினார். அவரும் கறுப்பினத்தவர்தான். இதை விடாமல் சொல்லிவிட வேண்டும் என்று நினைக்கிறேன். விபத்து என்றதும் கீழ்மட்டத்தில் இருப்பவனைக் காட்டிக்கொடுப்பது அன்று மட்டும் நடந்ததில்லை.

கேப்டன் ஏன் தாமதித்தார்? விசாரணைகள் தாமதத்தைக் கடுமையாகக் கண்டித்தன. அவர் மனசுக்குள் என்ன ஓடியது என்பது அவரோடு போய்விட்டது. ஆனால் அந்த நிலைமை எப்படி ஆளைப் பிடிக்கும் என்பது எனக்குத் தெரியும்.

நான் தேர்ட் மேட்டாக, அதாவது கப்பலின் இளநிலை அதிகாரியாக, இருந்தபோது வங்கக் கடலில் ஒரு சரக்குக் கப்பல். காலை வாட்சில் சாய்வுமானி இரண்டு டிகிரி காட்டியது. கப்பலைச் சமன் செய்ய அடித் தொட்டிகளில் வைத்திருக்கும் பாலஸ்ட் தண்ணீரை மாற்றினால் சரியாகிவிடும் என்றார்கள். மாற்றினோம். மதியம் மூன்றரை டிகிரி. சாயங்காலம் ஐந்து டிகிரி. சார்ட் டேபிளில் வைத்த டீ கிளாஸ் நகர ஆரம்பித்தது. அடியில் ஒரு ஈரத் துணியைப் போட்டு அதன் மேல் கிளாஸை வைத்தேன். இப்போது நினைத்தால் உடம்பு சிலிர்க்கிறது. கப்பல் ஏன் சாய்கிறது என்று கேட்பதற்குப் பதில் கிளாஸுக்கு வழி பண்ணியிருக்கிறேன். சாய்வு மெல்ல மெல்ல வரும்போது உடம்பு அதற்குப் பழகிவிடும். காலையில் ஐந்து டிகிரி ஒரேயடியாக வந்திருந்தால் கப்பலே அலறியிருக்கும். அன்று ராத்திரி வரை வெளியே யாருக்கும் சொல்லவில்லை. ஆபீஸ் என்ன சொல்லுமோ, செலவு யார் தலையில் விழுமோ என்ற பேச்சுதான். ஆள் போகாத ஒரு அறைக்குள் குழாய் ஒன்று அரித்து ஒழுகுவதைக் கடைசியில் டெக் தொழிலாளர்களின் தலைவரான போசன் கண்டுபிடித்தார், பிழைத்தோம். நாங்கள் செய்தது சரி என்பதால் இல்லை, ஓட்டை சின்னது என்பதால்.

இன்னொரு கப்பல் மாரோ காசில். 1934 செப்டம்பர் 8 அதிகாலை, ஹவானாவிலிருந்து நியூயார்க் திரும்பும் வழி. முந்தின மாலைதான் கேப்டன் வில்மாட் திடீரென்று இறந்திருந்தார். சீஃப் ஆபீசர் வார்ம்ஸ் பொறுப்பில் இருந்தார். மூன்று மணிக்குச் சற்று முன் எழுத்து அறையின் அலமாரி ஒன்றில் தீ தெரிந்தது. எஸ்.ஓ.எஸ். அனுப்ப உத்தரவு வருவதற்குள் ஏறத்தாழ அரை மணி நேரம் ஓடிவிட்டது. அதற்கு முன்பே அந்த வழியாகப் போன ஒரு சரக்குக் கப்பல், எரிகிற கப்பல் பற்றி ஏதாவது தகவல் உண்டா என்று கரை ரேடியோ நிலையத்தைக் கேட்டது. கரைக்கு ஒன்றும் தெரிந்திருக்கவில்லை. 549 பேரில் 137 பேர் இறந்தார்கள். 400 பேருக்கு மேல் இடமிருந்த முதல் ஆறு படகுகளில் போனது 85 பேர், அதிலும் பெரும்பாலோர் ஊழியர்கள். முன்பொரு முறை ஈர டெக்கில் ஒரு பயணி வழுக்கி விழுந்ததால், தீயணைப்புப் பயிற்சியையே அந்தக் கப்பலில் தளர்த்திவிட்டிருந்தார்கள். தண்ணீர்க் குழாய் இழுத்துப் பழகாத கைக்கு, தூக்கத்திலிருந்து எழுந்த அந்த நேரத்தில் வால்வு எங்கே என்று எப்படித் தெரியும்?

மாறாக நடந்ததும் உண்டு. 1923 ஜூனில் நம் இந்தியப் பெருங்கடலில், ஆஸ்திரேலியாவின் ஃபிரிமேன்டிலிலிருந்து துத்தநாகத் தாதுப்பொடி ஏற்றிவந்த டிரெவெஸா. முன் ஹோல்டில் தண்ணீர் புகுந்தது. தாதுப்பொடி களிமண் மாதிரி இறுகிக்கிடந்ததால் தண்ணீர் அடியிலிருக்கும் பில்ஜுக்கு வடியவில்லை. பம்ப் ஓடியும் பலனில்லை, தண்ணீர் சரக்கின் மேலேயே நின்றது. கேப்டன் செசில் ஃபாஸ்டர் இதைப் புரிந்துகொண்ட உடனே ரேடியோவில் அபாய அழைப்பு விடுத்து, நள்ளிரவு தாண்டிய இருட்டில் 44 பேரையும் இரண்டு படகுகளில் இறக்கிவிட்டார். மூன்று மணிக்கு முன் கப்பல் போய்விட்டது. முதல் உலகப் போரில் டார்பிடோ தாக்கித் திறந்த படகில் நாள்கணக்கில் கிடந்தவர் அவர். அதனால் படகில் டின் இறைச்சி வேண்டாம், தாகம் எடுக்கும் என்று டின் பாலும் பிஸ்கட்டும் வைக்கச் சொன்னார். ஒரு படகு 22 நாளுக்குப் பிறகு ரோட்ரிகஸ் தீவிலும், மற்றது சில நாள் கழித்து மொரீஷியஸிலும் கரை சேர்ந்தன. முப்பது பேருக்கு மேல் பிழைத்தார்கள்.

வெஸ்ட்ரிஸ் மூழ்கிய அடுத்த ஆண்டு, 1929 மே மாதம், லண்டனில் இரண்டாவது சோலாஸ் ஒப்பந்தம், அதாவது கடலில் உயிர்ப் பாதுகாப்புக்கான சர்வதேச ஒப்பந்தம், கையெழுத்தானது. எவ்வளவு ஆழம் வரை சுமை ஏற்றலாம் என்று கப்பலின் பக்கத்தில் காட்டும் சுமைக்கோட்டுக்கும் 1930இல் சர்வதேச ஒப்பந்தம் வந்தது. இன்று கப்பல் 20 டிகிரி சாய்ந்த நிலையிலும் படகு இறங்க வேண்டும் என்பது சட்டம். 20 டிகிரி வரைக்கும்தான். அதற்கு மேல் சாயும்வரை காத்திருந்தால் படகை இறக்கும் எந்த டேவிட்டும் (தூக்குக் கை) உங்களுக்கு உத்தரவாதம் தராது.

கப்பலில் இருக்கும் தம்பிகளுக்கு: அபாய அழைப்புக்கு முந்தின படி ஒன்று இருக்கிறது, "பான் பான்". நிலைமை கைமீறவில்லை, ஆனால் கவலையாக இருக்கிறது என்பதைச் சொல்லும் அழைப்பு அது. இரண்டு டிகிரியில் ஆரம்பித்துக் குறையாத சாய்வுக்கு அதுதான் சரியான இடம். நீங்கள் நிற்கும் இடம், எத்தனை பேர், என்ன கோளாறு, இவ்வளவு போதும். பிறகு சரியாகிவிட்டால் ரத்து செய்துகொள்ளலாம். தவறுதலாக அபாயப் பொத்தானையே அழுத்திவிட்டாலும், உடனே தெரிவித்து ரத்து செய்பவர் மேல் பொதுவாக நடவடிக்கை எடுப்பதில்லை என்பது சர்வதேச கடல்சார் அமைப்பின் வழிகாட்டுதல். விசைப்படகில் கடலுக்குப் போகும் அண்ணன்மாருக்கு, கைபேசி எட்டும் தூரத்தில் கடலோரக் காவல்படையின் 1554 இருக்கிறது. இன்ஜின் நின்றதுமே கூப்பிடுங்கள். காற்று எழும்பிய பிறகு வேண்டாம்.

பயிற்சியில் நான் ஒன்றை மட்டும் மாற்றியிருக்கிறேன். நிலைமையைச் சொல்லி முடித்ததும் ஜன்னல் பக்கம் திரும்பி, பையனுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு நின்றுவிடுகிறேன். மூடியைத் தூக்குகிற சத்தம் கேட்கும். பிறகு அலாரம் எப்போது அடிக்கிறது என்று கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டிருப்பேன்.