ஆதார் கைரேகையைப் பூட்டும் முன் மொபைல் எண்ணைப் பாருங்கள்

ஓடிபி வரவில்லை, கார்டை யாரும் தொடவில்லை, ஆனாலும் கணக்கில் பணம் இல்லை. நூறு நாள் வேலைக் கூலியை இப்படிப் பறிகொடுத்த ஒரு பாட்டிக்கு வங்கியில் கிடைத்த பதில்: "உங்க ரேகைதான் விழுந்திருக்கு, நாங்க என்ன பண்றது?"

ஏஇபிஎஸ், அதாவது ஆதாரை வைத்து வங்கிக் கணக்கிலிருந்து பணம் எடுக்கும் முறையில், ஆதார் எண், வங்கியின் பெயர், விரல் ரேகை போதும். எண்ணைத்தான் ஊரெல்லாம் ஜெராக்ஸ் போட்டுக் கொடுத்திருக்கிறோமே. ரேகையையும் பத்திரப்பதிவு ஆவணங்களிலிருந்து எடுத்து சிலிக்கானில் அச்சு வார்த்திருக்கிறார்கள். பின் நம்பர் போனால் மாற்றிக்கொள்ளலாம், விரலை என்ன செய்வது?

மைஆதார் தளத்தில் பயோமெட்ரிக் பூட்டு இருக்கிறது, இலவசம். போட்டுவிட்டால் ரேகை, கருவிழி, முகம் எதுவும் செல்லாது.

ஆனால் உள்ளே நுழையவே ஓடிபி வேண்டும். அது போவதோ, முகாமில் யாரோ எழுதிக்கொடுத்த எண்ணுக்கு, அல்லது என்றோ செத்துப்போன சிம்முக்கு. ஆதார் சேவை மையத்துக்கு நேரில் போய் எண்ணை மாற்றுங்கள். "அட்ரஸ் புரூஃப் எங்கே?" என்று திருப்பி அனுப்பினால் நகராதீர்கள், மொபைல் எண் மாற்ற எந்த ஆவணமும் தேவையில்லை. ஒப்புகைச் சீட்டைக் கேட்டு வாங்குங்கள்.

அதே தளத்தில் 'ஆதார் எண் பூட்டு' என்று இன்னொன்று இருக்கும். அவசரத்தில் அதைத் தட்டிவிடாதீர்கள். அதைத் திறக்க ஆதார் எண்ணுக்குப் பதிலாகப் பயன்படும் 16 இலக்க மெய்நிகர் எண் (விஐடி) வேண்டும், பலரிடம் அது இருக்காது.

அப்புறம் ரேஷன் கடை. பூட்டிய விரலை வைத்தால், "ரேகை விழல, நாளைக்கு வாங்க" என்பார்கள். காரணம் அவர்களுக்கும் தெரியாது. தற்காலிகமாகத் திறந்தால் 10 நிமிடம்தான். வீட்டிலிருந்தே திறந்துகொண்டு போனால் வரிசையிலேயே மறுபடி பூட்டிக்கொள்ளும். உங்கள் முறை வரும்போது திறங்கள்.

பணம் போய்விட்டதா? உடனே சைபர் குற்ற உதவி எண் 1930-க்குப் போன் போடுங்கள். அடுத்து வங்கி. தவறு உங்களுடையதோ வங்கியுடையதோ அல்லாமல் இடையில் யாரோ திருடியிருந்தால், வங்கியின் தகவல் கிடைத்து 3 வேலை நாளுக்குள் புகார் கொடுத்தவருக்கு இழப்பு இல்லை என்பது ரிசர்வ் வங்கியின் 2017 சுற்றறிக்கை. வங்கி எஃப்ஐஆர் கேட்கும், ஸ்டேஷன் வங்கிக்கே போகச் சொல்லும். அந்த 3 நாளும் இந்த அலைச்சலிலேயே போய்விடும். அதனால் முதல் நாளே எழுத்தில் கொடுத்து, நகலில் தேதியோடு சீல் வாங்கிவிடுங்கள்.

இனி யார் ஜெராக்ஸ் கேட்டாலும் கடைசி 4 இலக்கம் மட்டும் தெரியும் மறைத்த ஆதாரை நீட்டுங்கள். முறைப்பார்கள், முறைக்கட்டும்.