கட்டத்துக்கு அடியிலும் ஜல்லி வேண்டும்

இந்த மழைக்காலத்தில் நான் போய்ப் பார்க்கும் நான்காவது வீடு இது. கிருஷ்ணகிரியிலிருந்து ராயக்கோட்டை போகும் பக்கம், மாந்தோப்புக்கு நடுவே ஓய்வுபெற்ற தம்பதியர் ஆசையாகக் கட்டிய வீடு. கார் நிறுத்த 30 அடிக்கு 20 அடி இடம். தேன்கூடு போன்ற பிளாஸ்டிக் கிரிட்டை விரித்து, ஒரு யூனிட் ஜல்லி வாங்கி நிரவியிருக்கிறார்கள். இரண்டு மழைக்குப் பிறகு சக்கரம் ஏறும் இடத்தில் கிரிட் வளைந்து செம்மண்ணுக்குள் இறங்கிவிட்டது. கட்டங்களின் வழியே சேறு பிதுங்கி நின்றது. "கணக்குப் போட்டுத்தான் வாங்கினோம் சார்" என்று அந்த அம்மா தாளை எடுத்துக் காட்டினார். பெருக்கலிலும் வகுத்தலிலும் ஒரு பிழை இல்லை. அதைப் பார்த்த பிறகுதான் எனக்கு மனம் ஆறவில்லை.

அவர்கள் கணக்கு இது: பரப்பு 600 சதுர அடி. கிரிட்டின் உயரம் 40 மில்லிமீட்டர். விளிம்பு தெரியாமல் மேலே சற்றுப் பரப்பினால் இரண்டு அங்குலம். 600-ஐ 2-ஆல் பெருக்கி 12-ஆல் வகுத்தால் 100 கன அடி. 100 கன அடி ஒரு யூனிட். கட்டம் நிரம்பினால் வேலை முடிந்தது என்று நினைத்துவிட்டார்கள். என்னிடம் வருகிறவர்களில் பெரும்பாலோர் இதையே நினைக்கிறார்கள், விற்பவரும் திருத்துவதில்லை.

தயவுசெய்து ஒன்றைப் புரிந்துகொள்ளுங்கள். கிரிட் காரைத் தாங்காது. வெறும் கிரிட்டைக் கையில் எடுத்து வளைத்துப் பாருங்கள், வளையும். ஜல்லி பக்கவாட்டில் ஓடாமல் பிடித்து வைப்பது மட்டுமே அதன் வேலை. ஒரு டன்னுக்கு மேல் எடையுள்ள வண்டியைச் சுமப்பது அதற்கு அடியில் இருக்கும் ஜல்லிப் படுகை. நம் செம்மண் வெயிலில் கடப்பாரை இறங்காத அளவுக்கு இறுகியிருப்பதால், "எங்கள் மண் பாறை மாதிரி, படுகை எதற்கு?" என்று கேட்கிறார்கள். சித்திரையில் பார்த்த மண்ணை வைத்து ஐப்பசிக்குத் தீர்ப்புச் சொல்லாதீர்கள். நன்றாக நனைந்த மறுநாள் அதே இடத்தில் குதிகாலை அழுத்துங்கள், மண்ணே சொல்லிவிடும்.

இப்போது அதே 600 சதுர அடிக்குச் சரியான கணக்கு. அடிப்படுகை ஆறு அங்குலம், 40 மி.மீ., 20 மி.மீ. ஜல்லி கலந்தது: 300 கன அடி. ரோலர் ஓட்டினால் அது அமுங்கும், ஆகவே ஐந்தில் ஒரு பங்கு கூட்டி 360. அதன் மேல் மட்டப்படுத்த ஓர் அங்குலம் சிப்ஸ் எனும் பொடி ஜல்லி: 50. கட்டத்துக்குள் 100, சிந்துவதற்கும் படிவதற்கும் ஒரு பத்து. ஆக 520 கன அடி, ஐந்து யூனிட்டுக்கு மேல். அந்த வீட்டில் வாங்கியது ஒன்று. டிராக்டரோ லாரியோ உள்ளே வரும் என்றால் ஆறு அங்குலமும் போதாது. கிரிட்டின் பிளாஸ்டிக் இடத்தை அடைத்துக்கொள்ளும் என்று கழிக்கிறவர்கள் உண்டு; அந்தச் சுவர்களின் கனம் சொற்பம், கழிக்க வேண்டாம்.

அங்குலத்தை அடியாக மாற்றாமல், படுகைக்கு 600-ஐ 6-ஆல் பெருக்கிவிட்டு 36 யூனிட் என்று பதறி வருகிறவர்களும் இருக்கிறார்கள். 12-ஆல் வகுக்க மறக்காதீர்கள், அவ்வளவுதான்.

"ஒரு லோடு" என்பது அளவே இல்லை. இரண்டு யூனிட் ஏற்றும் வண்டியும் லோடுதான், ஆறு யூனிட் டிப்பரும் லோடுதான். வண்டி வந்ததும், கொட்டுவதற்கு முன் தொட்டியின் உள்நீளம், அகலம், ஜல்லி நிற்கும் உயரம் மூன்றையும் டேப் வைத்து அடிக் கணக்கில் அளந்து பெருக்கி, 100-ஆல் வகுங்கள். கூச்சப்படாதீர்கள், நல்ல ஓட்டுநர் கோபித்துக்கொள்ள மாட்டார். கல் உடைக்கும் கிரஷரில் டன் கணக்கில் விலை சொன்னால், ஒரு யூனிட் 20 மி.மீ. ஜல்லி நான்கு டன்னுக்குச் சற்று மேல் வரும் என்று வைத்துக்கொள்ளுங்கள். நனைந்த டஸ்ட், அதாவது கல்தூள், கலந்திருந்தால் எடை ஏறும், நீங்கள் தண்ணீருக்கும் சேர்த்துப் பணம் கொடுப்பீர்கள்.

கட்டத்துக்குள் 12 முதல் 20 மி.மீ. வரை உடைத்த ஜல்லி போதும். 40 மி.மீ. கல் கட்டத்தில் உட்காராது. உருண்டைக் கூழாங்கல் பார்வைக்கு அழகு, சக்கரத்துக்கு அடியில் உருளும். டஸ்ட் கலந்த ஜல்லியை வேண்டாம் என்று திருப்பி அனுப்புங்கள். தண்ணீர் இறங்கும் வழியை அது அடைத்துவிடும். செம்மண்ணுக்கும் படுகைக்கும் நடுவே, தண்ணீரை விட்டு மண்ணைத் தடுக்கும் ஜியோ டெக்ஸ்டைல் துணி கட்டாயம். அது இல்லாவிட்டால் எத்தனை யூனிட் கொட்டினாலும் மண் மேலே வந்துகொண்டே இருக்கும்.

"நம் ஊரே கல் ஊர், குறைந்தால் மறுபடி வாங்கிக்கொள்ளலாம்" என்பார்கள். கிடைக்கும், உண்மைதான். ஆனால் ஒரு குவாரிக் கல் சாம்பல் நிறம், அடுத்ததில் இளஞ்சிவப்பு ஓடும். மேல்ஜல்லியை ஒரே கிரஷரிலிருந்து ஒரே நாளில் வாங்குங்கள், இல்லாவிட்டால் முற்றம் ஒட்டுப்போட்டதுபோல் இருக்கும். வண்டி வாடகையும் இரண்டு முறை.

அந்தத் தம்பதியர் வாங்கிய ஒரு யூனிட்டில் பாதிக்கு மேல் சேற்றோடு கலந்துவிட்டது, சலித்து எடுக்கும் கூலிக்குப் புது ஜல்லியே வாங்கிவிடலாம். கிரிட்டில் வளையாத துண்டுகளைக் கழுவி அடுக்கி வைத்திருக்கிறோம். மழை விட்டதும் ஒன்பது அங்குலம் தோண்டி முதலிலிருந்து தொடங்க வேண்டும். இந்த முறை டிப்பரை ஓரமாக நிறுத்திக் கொட்டச் சொல்லியிருக்கிறேன். வெறும் கிரிட்டின் மீது சக்கரம் ஏறக் கூடாது, சட்டியில் அள்ளித்தான் நிரப்ப வேண்டும்.