முள்ளந்தண்டு: ‘ஸ்பைன்’ என்பதற்கு நம்மிடம் உள்ள சொல்

ஹட்டனில் ஸ்கேன் எடுத்துவிட்டுத் தோட்டத்து லயத்து வீட்டுக்குத் திரும்பிய என் தங்கை கேட்டாள்: “அண்ணே, ‘ஸ்பைன் நோர்மல்’னு சொன்னாங்க. ஸ்பைன்னா பிள்ளையோட நரம்பா, எலும்பா?”

எலும்புதான். நம் பள்ளிப் புத்தகங்களில் படித்த முள்ளந்தண்டு. ஆனால் கிளினிக்கில் அந்தச் சொல் யார் வாயிலும் வருவதில்லை. அதனால் அவள் இரண்டு நாள் காரணமில்லாமல் பயந்துகொண்டிருந்தாள்.

‘ஸ்பைன்’ என்பதன் மூலம் ‘ஸ்பினா’ என்ற லத்தீன் சொல். அதற்கு முள் என்று பொருள், முதுகெலும்பு என்றும் பொருள். நம் சொல்லிலும் அதே முள் இருக்கிறது: முள் + அம் + தண்டு. புளியம்பழத்தில் வருகிற அதே ‘அம்’ சாரியைதான். மீனின் எலும்பை நாம் முள் என்றுதானே சொல்கிறோம்! மெலிந்த பிள்ளையின் முதுகை மேலிருந்து கீழே தடவிப் பாருங்கள், ஒவ்வொரு எலும்பின் பின்முனையும் விரலில் தட்டுப்படும். பழைய யோக, சித்த மருத்துவ வழக்கில் மேருதண்டம், வீணாதண்டம் என்ற பெயர்களும் உண்டு. ஒன்று மலையை நினைத்து வைத்தது, மற்றது வீணையின் தண்டை.

தமிழ்நாட்டில் முதுகெலும்பு என்பார்கள். அதுவும் நல்ல சொல்தான். ஆனாலும் கேட்டால் ஒரே எலும்பு போலத் தோன்றுகிறது. பிறக்கும் பிள்ளைக்கு அங்கே 33 முள்ளென்புகள் அடுக்காக இருக்கின்றன. கருவில் முதலில் எல்லாம் மெத்தென்ற கசியிழையம், அதாவது குருத்தெலும்பு. ஏறக்குறைய 8ஆம் வாரத்திலிருந்துதான் அதில் எலும்பு ஊறத் தொடங்குகிறது. பிறக்கும்போதுகூடப் பெரும்பாலான முள்ளென்புகள் மூன்று எலும்புத் துண்டுகளாக, இடையில் கசியிழையத்தோடு இருக்கும். பின்பக்கத்து இரு துண்டுகளும் முதல் வயதிலிருந்து சேரத் தொடங்கும். அவை முன்துண்டோடு இணைய 3 முதல் 6 வயது ஆகும். கீழே உள்ள ஒன்பதும் பின்னாளில் இரண்டு எலும்புகளாக ஒட்டிக்கொள்வதால் பெரியவர்களுக்கு வழக்கமாக 26தான்.

வயிற்றில் சுருண்டு கிடந்த பிள்ளையின் முள்ளந்தண்டு ஒரே வில்லாக வளைந்திருக்கும். அது கூனல் இல்லை. மூன்று, நான்கு மாதத்தில் தலை நிமிரும்போது கழுத்தில் முன்வளைவு வரும். உட்கார்ந்து, எழுந்து நடக்கும்போது இடுப்பில் வரும். தோட்டத்தில் பிள்ளைகளைப் பார்த்துக்கொள்ளும் பிள்ளைக்காம்பராவில் பாட்டிமார் “தலை நின்னுருச்சா?” என்று கேட்பது இதைத்தான். பிள்ளைத்தமிழ் பாடிய புலவர்களும் கையூன்றித் தலை நிமிர்த்தி ஆடும் ஐந்தாம் மாதத்தைச் செங்கீரைப் பருவம் என்று தனியாகப் பிரித்தார்கள்.

சரி, தங்கை கேட்ட நரம்பு? அது முள்ளந்தண்டுக்குள் ஓடும் முண்ணாண். முள் + நாண், முள்ளுக்குள் போகும் கயிறு. எலும்புக்கு முள்ளந்தண்டு, நரம்புக்கு முண்ணாண் என்று சொல்லியிருந்தால் அவளுக்குக் குழப்பமே வந்திருக்காது.

இன்னொரு சொல்லும் கிளினிக்கில் காதில் விழும்: ஸ்பைனா பிஃபிடா. ‘பிஃபிடா’ என்றால் இரண்டாகப் பிளந்தது. பிளவுபட்ட முள்ளந்தண்டு என்று சொல்லலாம். முண்ணாணாக மாறப்போகிற குழாய், கரு உண்டாகி ஏறக்குறைய 28 நாளில் மூடிவிட வேண்டும். கீழ்ப்பகுதி மூடாமல் போனால் இந்தக் குறை வரும். அந்த நாட்களில் பல பெண்களுக்குக் கர்ப்பம் என்றே தெரியாது. அதனால்தான் இந்தக் குறையைத் தடுக்க உதவும் போலிக் அசிட் குளிசையைப் பிள்ளைக்கு எண்ணும்போதே தொடங்கச் சொல்கிறார்கள். கல்யாணம் முடிந்த கையோடு தோட்டத்து மருத்துவமாதுவிடம் கேட்டு வாங்கிக்கொள்ளுங்கள்.